அம்மா அவனுக்குப் பேசிய பதினொரு நிமிடம்

2024 மார்ச் 5, லோசான்
லாசினாவின் குறும்படம் விழாவுக்குத் தெரிவாகியிருக்கிறது. பூர்க்கினா பாசோக்காரன், திரைப்படப் பள்ளியில் என் வகுப்பில் படித்தவன். எல்லோரும் கட்டிப்பிடித்தார்கள். நானும். அவன் தோளுக்குப் பின்னால் என் முகம் எப்படி இருந்திருக்கும்?

மார்ச் 6
அதே விழாவுக்கு நானும் அனுப்பியிருந்தேன்.

ஏப்ரல் 21
அவனுடைய அடுத்த படம் மருத்துவமனையில் துப்புரவு வேலை செய்யும் பெண்களைப் பற்றியது. படிக்கும்போது இரண்டு வருடம் அங்கே தரை துடைத்தவன். அம்மா துப்புரவு வேலை செய்யும் அதே மாடியில்.

அம்மாவும் பேசுகிறாராம் — கமராவுக்கு முன்னால். என் கமராவுக்கு ஒரு வாக்கியம் தராதவர்.

"அவன் கேட்டான், கதைச்சனான். அதுக்கென்ன?"

"நானும் கேட்டனான்தானே."

"நீ கேட்டது வேற."

அடுப்பைத் துடைக்கத் தொடங்கிவிட்டார். அடுப்பு சுத்தமாகத்தான் இருந்தது.

ஒக்டோபர் 9
லாசினா அழைத்தான். ஒரு காட்சியில் அம்மாவும் அவரோடு வேலை செய்யும் சிவமலர் அன்ரியும் பிரெஞ்சை விட்டுத் தமிழில் பேசுகிறார்களாம். பதினொரு நிமிடம். "எனக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. ஆனால் படமே இதுதான். பிரெஞ்சு சப்டைட்டில் நீதான் எழுதவேண்டும்."

முதல் முழுநீளப் படத்துக்கும் பணம் கிடைத்துவிட்டதாம். ஏப்ரலில் அவன் நாட்டில், போபோ-டியூலாசோ நகரில் படப்பிடிப்பு. என்னை உதவி இயக்குநராக வரச் சொன்னான். இரக்கமா? இல்லை. இரக்கப்பட அவனுக்கு நேரமில்லை. அதுதான் கூடுதல் எரிச்சல்.

ஒக்டோபர் 12
பார்த்தேன். சலவை அறை. இருவரும் துணி மடிக்கிறார்கள்.

அன்ரி: "உங்கட மகளும் படமெடுக்கிறவள்தானே. அவளுக்கேன் கதைக்கேல்லை?"

அம்மா: "மகள் கேட்டவள். மேசை போட்டு, விளக்கு வைச்சு, எனக்கு முன்னால இருந்துகொண்டு, பேரும் பிறந்த திகதியும் சொல்லுங்கோ எண்டாள். அகதி விசாரணை மாதிரிக் கிடந்தது. எழும்பி வந்திட்டன்."

பேரும் திகதியும் நான் ஒலி சரிபார்க்கக் கேட்டது. வெறும் ஒலி சரிபார்க்க.

கமராவைச் சலவை இயந்திரத்தின் மேல் வைத்திருக்கிறான். சட்டகம் கோணல், லேசாக நடுங்குகிறது. அவ்வளவு அழகு. பார்க்கச் சகிக்கவில்லை.

ஒக்டோபர் 13
அனுப்பிவிட்டேன். 'மகள்' இருந்த இடத்தில் 'யாரோ ஒருத்தி'. அன்ரியின் கேள்வியையும் அதற்கேற்ப மாற்றினேன். அவனுக்கு எப்படித் தெரியும்?

என்னைக் காப்பாற்றினேனா, அவன் காட்சியைக் கெடுத்தேனா? இரண்டும். இரண்டாவதுதான் இனித்தது.

2025 ஜனவரி 25
திரையிடல். அரங்கு எழுந்து நின்று கைதட்டியது. கெடுத்தும் கெடவில்லை.

திரும்பும் ரயிலில் அம்மா சப்டைட்டிலைப் பற்றிப் பேச்செடுத்தார். அவர் பிரெஞ்சு வாசிப்பார் என்பதை எப்படி மறந்தேன்? இருபத்தாறு வருடமாக வேலை அட்டவணை வாசிப்பவர்.

"நான் மகள் எண்டெல்லோ சொன்னனான்."

"எனக்கு வெக்கமா இருந்தது அம்மா."

"ஆரோ எண்டால் பதில் சொல்லியிருப்பன். அண்டைக்கு விசாரணையில எல்லாத்துக்கும் சொன்னனான். அங்க எழும்பேலாது. நீ எண்டபடியால்தான் எழும்பினனான்."

பிறகு தோடம்பழம் உரித்தார். பாதியை என் மடியில் வைத்தார்.

ஜனவரி 27
லாசினாவுக்கு எழுதினேன். தவறுதலாக அல்ல, வேண்டுமென்றே மாற்றினேன் என்று. சரியான வரிகளையும் இணைத்தேன். அனுப்பும் பொத்தானை அழுத்த ஒரு மணி நேரம்.

பெப்ரவரி 3
பதில்: "மாற்றிவிட்டேன். இப்போதுதான் அந்தக் காட்சி எனக்கே விளங்குகிறது."

போபோ பற்றி ஒன்றுமில்லை.

ஏப்ரல் 8
அங்கே முதல் நாள் படப்பிடிப்பு. புகைப்படம் போட்டிருக்கிறான். உதவி இயக்குநர் ஒரு பெண். வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு சிரிக்கிறாள். செருப்பு வரை பெரிதாக்கிப் பார்த்தேன்.

அம்மா எட்டிப் பார்த்தார்.

"உன்னையெல்லோ கூப்பிட்டவன். ஏன் போகேல்லை?"

அவனுக்கு உண்மையை எழுதியதையும், பிறகு அவன் கூப்பிடாததையும் சொன்னேன். அவன்மேல் இருக்கிற எரிச்சலையும் சேர்த்து.