கீழ்வீட்டுக்காரர் கேட்ட பியானோ

அன்புள்ள அண்ணிக்கு,

வணக்கம். ஊரே அடங்கிய பிறகு உட்கார்ந்து எழுதுவதற்கு மன்னித்துக்கொள்ளுங்கள். கையெழுத்து கோணலாக இருந்தால் அதற்கும் சேர்த்து மன்னிப்பு. சமையலறை விளக்கை மட்டும் போட்டுக்கொண்டு, அடுப்பு மேடையில் தாளை வைத்து எழுதுகிறேன். உள்ளே உங்கள் தம்பியும் பாப்பாவும் தூங்குகிறார்கள். அவர் பார்க்காமல் எழுத வேறு நேரம் கிடைக்கவில்லை.

முதலில் நல்ல சேதி. நீங்கள் அனுப்பிய கம்பளிச் சட்டை வந்து சேர்ந்தது. கை கொஞ்சம் நீளம், மடித்துவிட்டிருக்கிறேன். பாப்பா சுவரைப் பிடித்துக்கொண்டு நடக்கிறாள். போன வாரம் காதில் சீழ் வைத்துக் காய்ச்சல் அடித்தது. நான் வேலை பார்க்கும் ஆய்வுக்கூடத்திலேயே ரத்தம் எடுத்துப் பார்த்தேன். பயப்பட ஒன்றுமில்லை என்று தெரிந்த பிறகும் மறுநாள் திரும்ப எடுத்தேன். "இப்படியே எடுத்துக்கிட்டிருந்தா காய்ச்சலும் போயிடும், ரத்தமும் போயிடும்" என்று உங்கள் தம்பி கேலி செய்தார். நான் எதற்கெடுத்தாலும் பயப்படுகிறவள் என்று உங்களுக்கும் தெரியும். அதனால் இந்தக் கடிதத்தில் பாதியைக் கழித்துக்கொண்டு படித்துவிடுவீர்களோ என்று இன்னொரு பயம். கழிக்காமல் படியுங்கள், அண்ணி.

உங்கள் கப்பல் வாத்தியக் குழுவில் முதல் டிரம்பெட் இடம் காலியாகிறது, அடுத்த பயணத்துக்கு வருகிறாயா என்று அவருக்கு எழுதியிருந்தீர்கள். படித்த கையோடு, செருப்பைக்கூட இடம் வலம் மாற்றிப் போட்டுக்கொண்டு ஓடி, வருகிறேன் என்று தந்தி கொடுத்துவிட்டு வந்தார். உங்களுக்கும் சந்தோஷமாக இருந்திருக்கும். அந்தத் தந்தியை நம்பாதீர்கள்.

அவரால் ஊத முடியாது.

போன குளிர்காலத்தில் நடன அரங்கில் நடந்தது. இரண்டாவது டிரம்பெட்காரர் படுத்த படுக்கை. அவர் பங்கையும் இவரே எடுத்துக்கொண்டு மாலை ஆட்டம், இரவு ஆட்டம் இரண்டுக்கும் நின்றிருக்கிறார். உதடு சோர்ந்துவிட்டால் வாத்தியத்தை வாயில் அழுத்தக் கூடாது, இறக்கி வைத்துவிட வேண்டும் என்று குழுவில் எல்லாருக்கும் சொல்கிறவர் இவர்தான். கடைசிப் பாட்டின் உச்சி சுரம் எழும்பவில்லை. கூட்டம் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்ததாம். அழுத்தினார். சுரம் வந்தது. "உள்ள ஏதோ நூல் அறுந்த மாதிரி இருந்துச்சு. ஆனா எல்லாரும் எழுந்து நின்னு கை தட்டுனாங்க" என்று வீட்டுக்கு வந்து சொன்னார். மறுநாள் காலையில் குடித்த தேநீர் வாயோரமாக ஒழுகிச் சட்டையை நனைத்தது.

டாக்டரிடம் நான்தான் இழுத்துக்கொண்டு போனேன். எவ்வளவு காலமாக வாசிக்கிறீர்கள் என்று அவர் கேட்டது ஒரு சாதாரணக் கேள்வி. இவர் தன் ஆயுசையே எடுத்து மேசைமேல் பரப்பிவிட்டார். தீயணைப்பு நிலைய வாத்தியக் குழுவில் தொளதொளத்த சீருடையோடு ஆரம்பித்தது, உணவு விடுதி மூலையில் தட்டுச் சத்தத்துக்கு நடுவே நீங்கள் பியானோவும் அவர் டிரம்பெட்டுமாக வாசித்தது, யாரும் காது கொடுக்காததால் இஷ்டத்துக்கு வாசித்து வாசித்தே ஜாஸ் கைவந்தது, பிறகு நீங்கள் இருவரும் போட்ட இசைத்தட்டு, வானொலி, நடன அரங்கில் முதல் டிரம்பெட் நாற்காலி, எல்லாம். டாக்டர் நல்ல மனுஷர். கடிகாரத்தைப் பார்க்காமல் கேட்டார். கேட்டுவிட்டு, உதட்டைச் சுற்றியிருக்கும் தசை கிழிந்திருக்கிறது, திறந்து தைக்க வேண்டும், தைத்தால் சாப்பிடவும் பேசவும் குழந்தைக்கு முத்தம் கொடுக்கவும் குறையிருக்காது, டிரம்பெட்டுக்கு மட்டும் தன்னால் வாக்குக் கொடுக்க முடியாது என்றார். மறுபடி அழுத்தி ஊதிக் கிழிந்தால் தைப்பதற்கு எதுவும் மிச்சமிருக்காது என்றும் சொன்னார்.

இவர் மறுத்துவிட்டார். "தையல் போட்ட உதட்டை வச்சுக்கிட்டு நான் எதை ஊதறது, அடுப்பையா?" என்று கேட்டார். ஓய்வு கொடுத்தால் தானே கூடிவிடும் என்று ஒரே பிடிவாதம். அக்காவுக்கு மட்டும் தெரியக் கூடாது என்று என்னிடம் வாக்கு வாங்கிக்கொண்டார். "பாட்டு ஆரம்பிக்க அக்கா ஒண்ணு ரெண்டு எண்ணி முடிச்சு நான் ஊதாம நின்னதே இல்ல" என்றார். அந்த வாக்கைத்தான் இப்போது மீறிக்கொண்டிருக்கிறேன்.

கோடை வந்ததும் பயிற்சியைத் தொடங்கிவிட்டேன், பழையபடி வருகிறது என்றார். நான் வேலைக்குப் போன பிறகுதான் வாசிப்பாராம். நான் பக்கத்தில் இருந்தால் பரீட்சைத் தாள் திருத்துகிறவள் மாதிரி பார்க்கிறேனாம். நம்பினேன், அண்ணி. நம்ப ஆசையாக இருந்தது.

பகலில் பாப்பாவைக் கீழ்வீட்டுத் தையல்காரர் மனைவியிடம் விட்டுவிட்டுப் போகிறேன். தையல்காரரை உங்களுக்கு நினைவிருக்கும். நீங்கள் வந்திருந்தபோது, சத்தம் தாங்காமல் துடைப்பக் கட்டையால் கீழிருந்து இடித்தாரே, அவர்தான். போன மாதம் ஒருநாள் சாயங்காலம் பாப்பாவை வாங்கப் போனபோது, "உங்க வீட்டுக்காரர்கிட்ட சொல்லும்மா, இப்பல்லாம் ரொம்ப நல்லா வாசிக்கறார். முன்ன ஒரே சுரத்தைப் பிடிச்சுக்கிட்டு ஆட்டை அறுக்கற மாதிரி இழுப்பார். இப்ப நான் மெஷினை நிறுத்திட்டுக் கேக்கறேன்" என்றார். எனக்கு மனம் பூரித்துப்போய்விட்டது. பாப்பாவைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு கிளம்பும்போது, "ஆமா, கூடவே ஒருத்தங்க பியானோ வாசிக்கறாங்களே, அது யாரும்மா? படியேறி யாரும் போய்ப் பாக்கலையே" என்று கேட்டார்.

எங்கள் வீட்டில் பியானோ இல்லை, அண்ணி. அது நீங்கள்.

மறுநாள் தலைவலி என்று சொல்லிவிட்டுச் சீக்கிரம் வந்தேன். கதவு ஒருக்களித்திருந்தது. கட்டில் ஓரத்தில் உட்கார்ந்திருந்தார். உங்கள் இசைத்தட்டு சுழன்றுகொண்டிருந்தது. டிரம்பெட்டை உதட்டில் ஒட்டியும் ஒட்டாமலும் வைத்துக்கொண்டு வால்வுகளை அமுக்கிக்கொண்டிருந்தார். உங்கள் பியானோ அடங்கி அவர் முறை வந்ததும் முதுகை நிமிர்த்திக்கொண்டார். விரல் ஒன்றுகூடப் பிசகவில்லை. மூச்சு மட்டும் இல்லை. முன்பெல்லாம் வாசித்து முடித்துக் குழாயில் தேங்கிய ஈரத்தைத் தரையில் சொட்டவிடுவார், நான் சண்டை போட்டு ஒரு துணியைப் போட்டு வைத்தேன். அந்தத் துணி கட்டிலடியில் மொடமொடவென்று காய்ந்து கிடந்தது.

சத்தமில்லாமல் இறங்கி, தபால் பெட்டிகளுக்குப் பக்கத்தில் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு, திரும்பவும் செருப்புச் சத்தம் கேட்கும்படி ஏறி வந்தேன். அதற்குள் எல்லாவற்றையும் எடுத்து வைத்துவிட்டார். "இன்னிக்கு நல்லா வந்துச்சு" என்றார். "கீழ வரைக்கும் கேட்டுச்சு" என்றேன்.

பாப்பா இப்போது உதட்டைக் குவித்து ப்ர்ர்ர் என்று ஊதப் பழகியிருக்கிறாள். டிரம்பெட்காரர்கள் உதட்டைப் பழக்கும் அதே அதிர்வுதான், அவர் சொல்லிக்கொடுத்ததுதான். நேற்று அவர் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு, நீயும் செய் என்று விடாமல் ஊதிக் காட்டினாள். இவர் முயன்றார். வெறும் காற்று வந்தது. "இவ அப்பனைவிட இவளுக்கு உதடு நல்லா அமைஞ்சிருக்கு" என்று சிரித்துவிட்டு எழுந்து பால்கனிக்குப் போனார். நெடுநேரம் உள்ளே வரவில்லை.

தந்தி கொடுத்த நாளிலிருந்து ரொம்ப அமைதியாகிவிட்டார். என்னோடு சண்டைகூடப் போடுவதில்லை. மேடைக் கோட்டைத் தையல்காரரிடம் கொடுத்து இடுப்பைப் பிடித்து வாங்கி வந்தார், அவ்வளவு இளைத்திருக்கிறார். ஒருநாள் என்னை எதிரே உட்காரவைத்து, வால்வுகளைக் கழற்றித் துடைத்து எண்ணெய் போடுவது எப்படி என்று சொல்லிக்கொடுத்தார். கப்பலுக்கு அவர் எடுத்துப்போகிற வாத்தியத்துக்கு நான் எதற்கு எண்ணெய் போட வேண்டும் என்று கேட்டேன். "சும்மா தெரிஞ்சு வச்சுக்கோயேன்" என்றார். இப்போதெல்லாம் ராத்திரி பால்கனிக் கதவுக்குக் குறுக்கே துணி காயப்போடும் சட்டத்தை நிறுத்தி வைக்கிறேன். பாப்பா போய்விடக் கூடாதே என்று அவரிடம் சொல்லியிருக்கிறேன். அந்தக் கதவின் தாழ்ப்பாள் பாப்பாவுக்கு எட்டாது.

நீங்கள் வராதே என்று எழுதினால் என்ன ஆகும் என்று யோசிக்கவே முடியவில்லை. வா என்று விட்டுவிட்டால் முதல் இரவே, அத்தனை பேர் முன்னால், மறுபடி அழுத்துவார். எனக்கு அவரைத் தெரியும். உங்களுக்கு இன்னும் நன்றாகத் தெரியும்.

கப்பலுக்கு வர்ணம் பூசும் நாட்களில் உங்களுக்கு விடுப்பு உண்டு என்று எழுதியிருந்தீர்கள். இந்த முறை துறைமுகத்திலேயே தங்காமல் இங்கே வாருங்கள். நான் கூப்பிட்டதாக வேண்டாம், பாப்பாவைப் பார்க்க வந்ததாகவே இருக்கட்டும். தைத்துக்கொள்ளுங்கள் என்று நான் சொன்னால் அது பயந்தாங்கொள்ளியின் பேச்சு. நீங்கள் சொன்னால் கேட்பார். ஆனால் எடுத்த எடுப்பில் வேறு வேலை பார்த்துத் தருகிறேன் என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள், இரக்கம் அவருக்கு ஆகாது. திட்டுங்கள். சின்ன வயதில் திட்டியதுபோல வாய்க்கு வந்தபடி திட்டுங்கள். பிறகு டாக்டரிடம் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போங்கள், நானும் வருகிறேன். அவர் இனிமேல் வாசிக்காமலே போனாலும் எனக்குப் பரவாயில்லை, அண்ணி. வீட்டில் இருந்தால் போதும்.

கடல் காற்றில் உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். பதிலை வீட்டுக்கு அனுப்ப வேண்டாம், உறையின் பின்பக்கம் எழுதியிருக்கும் ஆய்வுக்கூட முகவரிக்கு அனுப்புங்கள். வருகிறேன், வரவில்லை, எதுவானாலும் ஒரு வரி போதும். தயவுசெய்து சீக்கிரம் பதில் போடுங்கள்.

நீங்கள் எங்கிருந்தாலும் நன்றாக இருக்க வேண்டும் என்று நினைக்கும்,
உங்கள் தம்பி மனைவி