பின்மூலையில் தோண்டிய குழி

அண்ணனூர்,
12-9-1993.

அன்பு மகள் லோகநாயகிக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் அம்மாவும் சுகமாக இருக்கிறோம், மஸ்கட்டில் நீயும் நோய்நொடி இல்லாமல் இருக்கவேண்டும் என்று தினமும் விளக்கேற்றும்போது அம்மா வேண்டிக்கொள்கிறாள். அவளுக்கு முட்டிவலி தேவலை, நீ அனுப்பிய தைலம் கேட்கிறது. எனக்கு ஃபேக்டரியில் ரிட்டயர் ஆக இன்னும் பதினாலு மாதம். நீ ஆஸ்பத்திரியில் இரண்டு டியூட்டி சேர்த்துப் பார்ப்பதாக எழுதியிருந்தாய், வேண்டாம், உடம்பைக் கவனி, வேளைக்குச் சாப்பிடு. வீட்டை போட்டோ எடுத்து அனுப்பச் சொல்லி இரண்டு கடிதத்தில் கேட்டுவிட்டாய். பதில் எழுத உட்கார்ந்து உட்கார்ந்து எழுந்துவிட்டேன். இன்றைக்கு எழுதிவிடுகிறேன், பொறுமையாகப் படி.

நீ வேலைக்குப் போன புதிதில் உன் பேரில் வாங்கினோமே, அந்த மனை இருக்கும் இடம் முன்பு இடுகாடு. ஏரிக்கரைத் தெரு சனங்கள் கூலிக்கு நாற்று நட்டுக்கொண்டிருந்த காலத்திலிருந்து அங்கேதான் புதைத்தார்கள். கல்லோ பேரோ கிடையாது, மண்மேடும் அதன்மேல் நட்ட கள்ளியும்தான் அடையாளம். வடக்கே பெரியவர்கள், தெற்கு மூலையில் சின்னப் பிள்ளைகள். கம்பெனிகள் வந்து வயல் போனபின் அவர்களும் ஷிப்டு வேலைக்குப் போனார்கள், மனை போட்டவர் பாதி இடத்தை ஒரே வாரத்தில் நிரவி மஞ்சள் கல் நட்டுவிட்டார். இதெல்லாம் இப்போதுதான் தெரிந்தது என்று எழுத ஆசையாக இருக்கிறது. ஆனால் பத்திரம் பதிந்த அன்றே டீக்கடையில் ஒருவர் சொன்னார். ஃபேக்டரி குவார்ட்டர்ஸைக் காலி செய்தால் போக இடமில்லை என்ற பயத்தில் காதில் விழாதவன் மாதிரி இருந்துவிட்டேன்.

88இல் வீடு கட்டும்போது செப்டிக் டேங்க் குழி தோண்ட ஏரிக்கரைத் தெரு துலுக்கானம் வந்தார். இப்போது அவர் என்று எழுதுகிறேன், அப்போது வாடா போடா என்றுதான் பேசினேன். முதல் நாளே என்னிடம், “சார், இந்த மூலைய வுட்டுட்டு முன்னால தோண்டிக்கலாமா” என்று கேட்டார். வாசலில் யாராவது கக்கூஸ் தொட்டி கட்டுவார்களா, சொன்ன இடத்தில் தோண்டு என்றேன். மூன்றாம் நாள் நாலடி ஆழத்தில் சின்னச் சின்ன எலும்பும், குழந்தைக்குப் போடுகிற கருவளையல் ஒன்றும் வந்தன. அவர் கடப்பாரையை வைத்துவிட்டுக் குழிக்குள்ளேயே உட்கார்ந்துவிட்டார். நான் மேலே நின்று பார்த்தேன். பார்த்துவிட்டு, ஏதோ நாய் எலும்பு, தூக்கிப் போட்டுவிட்டு வேலையைப் பார் என்று சொன்னேன். வளையலைப் பார்த்த பிறகுதான் அப்படிச் சொன்னேன் அம்மாடி. அவர் எல்லாவற்றையும் துண்டில் சுற்றிக்கொண்டு போனார், மறுநாள் வேலைக்கு வரவில்லை. வேறு ஆள் வைத்துத் தோண்டிக் கட்டினோம். நீ லீவில் வந்தபோது ஏன் பின்பக்கமே போகமாட்டேன் என்கிறீர்கள் என்று கேட்டாய், கொசு என்றேன்.

இந்த ஆனி மாதம் மிச்சப் பாதியையும் மனை போட அளக்க வந்தார்கள். ஏரிக்கரைத் தெருக்காரர்கள் மனு கொடுத்தார்கள். மனை போட்டவர், அது வெறும் தரிசு, அங்கே யாரையும் புதைத்ததே இல்லை என்று சாதித்தார். பஞ்சாயத்தில் இடுகாட்டுக் கணக்கு எழுதிய பழைய புத்தகமும் கிடைக்கவில்லை. அப்போது துலுக்கானத்தின் பெண்சாதி முனியம்மா நம் வீட்டு கேட்டுக்கு வந்து நின்றாள். “சார், நீ பாத்தத சொன்னா போதும். நாங்க சொன்னா மனு குடுத்தவங்க அப்டித்தான் சொல்வாங்கன்றாங்க. இந்த மூலைலதான் எங்க பொண்ணும் கீது. அன்னிக்கு வந்தது எங்க புள்ளயோ வேற யாருதோ தெரியாது, எங்க ஊட்டுக்காரரு துண்டுல சுத்திகினு போயி அந்தாண்ட புங்கமரத்துக்குக் கீய பொதச்சாரு. இப்ப அதையும் அளந்துகினு கீறாங்க” என்றாள். நான் எதையும் பார்க்கவில்லை, அன்றைக்கு டியூட்டியில் இருந்தேன் என்று சொல்லிவிட்டேன். சரி சார் என்று சொல்லி, கேட்டின் கொக்கியைச் சரியாக மாட்டிவிட்டுப் போனாள்.

அம்மா உள்ளேயிருந்து கேட்டுக்கொண்டிருந்தாள். சோறு போட்டுவிட்டு எதிரே உட்கார்ந்து, நான்தானே அன்றைக்கு உங்களுக்குக் குழிக்கிட்ட டீ கொண்டுவந்து கொடுத்தேன் என்றாள்.

விசாரணைக்குத் தாசில்தார் வந்த அன்று லீவு போட்டுவிட்டுப் போனேன். 88இல் என் வீட்டுப் பின்மூலையில் குழந்தை எலும்பு வந்ததை நான் பார்த்தேன், நாய் எலும்பு என்று சொன்னதும் நான்தான் என்று எல்லார் முன்னாலும் சொன்னேன். உங்கள் மனைக்கும் பாதகம் வரலாம், தெரிந்துதான் சொல்கிறீர்களா என்று அவர் இரண்டு முறை கேட்டார். தெரியும் என்று கையெழுத்துப் போட்டேன். அதன்பிறகுதான் பழைய கிராமப் படத்தைத் தேடி எடுத்தார்கள். அதில் இடுகாடு என்று எழுதியே இருக்கிறது. மிச்சப் பாதியை விற்கக்கூடாது என்று உத்தரவு ஆகிவிட்டது. எலும்பு வந்த நம் மனையின் பின்பக்கம் பன்னிரண்டு அடியையும் அதோடு சேர்க்கக் கேட்கிறார்கள். நான் அந்தத் தொட்டியைச் சுத்தம் செய்து மண் போட்டு மூடி, வாசல் பக்கம் வேறு கட்டிவிட்டேன். வீடு உன்னுடையது, உன்னைக் கேட்டுச் செய்திருக்கவேண்டும். கேட்டால் எங்கே தைரியம் போய்விடுமோ என்று கேட்கவில்லை.

போன ஞாயிற்றுக்கிழமை துலுக்கானம் வீட்டுக்குப் போனேன். சைக்கிளுக்கு எண்ணெய் போட்டுக்கொண்டிருந்தார். செய்தது தப்பு என்று சொன்னேன். “வுடு சார்” என்றார். எண்ணெய்க் கேனைக் கீழே வைத்துவிட்டு, “ஒண்ணு கேக்கறேன். அன்னிக்கு இது எங்க புள்ளைங்கள பொதச்ச எடம்னு வாய வுட்டு சொல்லிருந்தா, குயிய மாத்திருப்பியா” என்று கேட்டார். கோபமாகக் கேட்கவில்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். அவர் காத்திருந்து பார்த்துவிட்டு, எனக்குத் தண்ணீர் கொண்டுவரச் சொல்லி முனியம்மாவைக் கூப்பிட்டார்.

பின்பக்க நிலத்தை விட்டுக்கொடுக்க உன் சம்மதம் கேட்டு அங்கே காகிதம் வரும். அப்பா சொன்னார் என்பதற்காகக் கையெழுத்துப் போடாதே, அப்பா செய்ததைத் தெரிந்துகொண்டு போடு. மறக்காமல் பதில் எழுது, திட்டியாவது எழுது. எங்கே இருந்தாலும் நீ நல்லபடியாக இருக்க எங்கள் இருவருடைய ஆசீர்வாதம்.

இப்படிக்கு,
உன் அப்பா
ப. உத்தமன்