எந்த மாதத்திலும் சேராத நாள்

கதாசிரியருக்கு,

உங்கள் நாவல் அச்சாகி வந்துவிட்டது. இரட்டை நிலவு நாட்டுக்கு நான் கணித்துக் கொடுத்த நாட்காட்டியைத்தான் முதலில் புரட்டினேன். பத்து மாதம், மாதத்துக்கு முப்பத்தாறு நாள், எல்லாம் பத்திரமாக இருக்கிறது. எந்த மாதத்திலும் சேராத அந்த ஒரு நாளைத்தான் காணோம்.

பதிப்பாளரிடம் கேட்டேன்.

"உங்க வீட்டுக்காரர்தாங்க தூக்கச் சொன்னார். கணக்கு இடிக்குது, அது சும்மா சேர்த்த நாள்தான்னு சொன்னார்."

சும்மாவா? மருத்துவமனை வராண்டாவில் என் கையைப் பிடித்துக்கொண்டு, "அப்படி ஒரு நாள் இருக்கட்டும், அன்னிக்கு யாருமே சாகக் கூடாது" என்று அழுதது யார்?

இப்போது உங்கள் வருடம் கச்சிதமாக முடிகிறது. நம் மகள் உயிரோடு இருந்ததே அந்த ஒரு நாள்தான்.

இப்படிக்கு,
அவளைப் பெற்றவள்