மோட்டாருக்குக் கால் எட்டவில்லை

கடப்பாக்கம்
புதன்கிழமை

என் அன்பு மகன் சைஃபுல்லாவுக்கு அம்மா எழுதுவது, அஸ்ஸலாமு அலைக்கும். அல்லாஹ்வின் கருணையால் எல்லோரும் இருக்கிறோம், வேளைக்குச் சாப்பிடுகிறோம், தூங்குகிறோம். எல்லோரும் நலம் என்று எழுதத்தான் உட்கார்ந்தேன், ஆனால் இந்தத் தடவை அந்த வார்த்தையைச் சும்மா எழுதிவிட மனசு வரவில்லை. ஏன் என்று கீழே சொல்கிறேன், பதறாமல் படி, பதற வேண்டியதெல்லாம் நடந்து முடிந்துவிட்டது. தினம் போனில் முகம் பார்த்துப் பேசுகிறோமே, எதற்கு இப்போது காகிதம் என்று நீ நினைப்பாய். போனைக் கையில் எடுத்தாலே நம் வீட்டில் எல்லோருக்கும் வாய் வேறு மாதிரி ஆகிவிடுகிறது, அதனால்தான் எழுதுகிறேன். சிங்கப்பெருமாள் கோயில் ஊரில் உன் தங்கச்சி அஃப்ஸானா நன்றாக இருக்கிறாள், மாப்பிள்ளைக்கு இந்த மாசம் பகல் ஷிப்ட், குழந்தை ஆயத் சுவரைப் பிடித்துக்கொண்டு நடக்கிறாள், செருப்பைக் கண்டால் விடுவதில்லை. இங்கே ரோடு வேலை இன்னும் முடியவில்லை, செய்யூர் பஸ் எங்கே நிற்கும் என்று தினமும் நாலு பேரைக் கேட்க வேண்டியிருக்கிறது. மொட்டைமாடி ஒழுகியதை அடைத்தாயிற்று.

இப்போது மோட்டார் விஷயத்துக்கு வருகிறேன். நீ அனுப்பின மோட்டார் தண்ணீரில் வெண்ணெய் மாதிரி போகிறது என்று அத்தா உன்னிடம் சொன்னார் அல்லவா, அது உண்மை இல்லை சைஃபு. மோட்டார் நல்ல மோட்டார், ஒரு குறையும் சொல்ல முடியாது. ஆனால் நம் படகுக்கு அது சேரவில்லை. இதில் உன் தப்பு எதுவும் கிடையாது. வாங்குவதற்கு முன்னால், மோட்டார் மாட்டுகிற படகின் பின்பலகை எவ்வளவு உயரம் என்று நீ ஒழுங்காகத்தான் கேட்டாய், அத்தாவும் ஒழுங்காகத்தான் டேப் வைத்து அளந்து சொன்னார், பதினைந்து அங்குலம் என்று. ஆனால் அவர் அளந்தது பழைய படகு. புதுப் படகு செய்யக் கொடுத்தபோது, பைபர் படகு செய்கிற ஞானதாஸ், காயலுக்குள் மட்டும் சுற்றுவதானால் தாழ்வான பலகை போதும், முகத்துவாரத்துக்கு வெளியே போய்க் கடலில் நிற்கிற படகுகளிடம் இறால் எடுப்பதானால் பின்பலகையை ஏற்றித்தான் ஆகவேண்டும், இல்லையென்றால் பின்னால் வருகிற அலை உள்ளே விழும் என்றிருக்கிறார். அத்தாவும் சரியென்று தலையாட்டிவிட்டார். பலகை உயர்ந்தால் மோட்டாரின் தண்டும் நீளமாக வேண்டும் என்று அந்த நேரம் யாருக்கும் தோன்றவில்லை. நீ அங்கே தோஹாவில் வாங்கி அனுப்பிவிட்டாய், அது கப்பலில் வந்துகொண்டிருக்கிறது, இங்கே பலகை ஏறிவிட்டது.

பெட்டியைப் பிரித்து மோட்டாரை மாட்டின அன்றைக்கே ஞானதாஸ் குனிந்து கீழே கைவிட்டுப் பார்த்துவிட்டு, இன்னா பாய், கால் குட்டையா கீது, படகோட அடிக்கே வரலியே, இதுக்கு லாங் ஷாப்டு வேணும் என்று சொல்லிவிட்டார். அத்தா முகம் வாடினது எனக்குத் தெரிந்தது. என் மகன் அனுப்பினது, ஓடும், என்றார், அதற்குமேல் யாரையும் பேச விடவில்லை. ஓடவும் செய்தது. காயல் தண்ணீர் அசையாமல் கிடக்கும்போது, இறால் பெட்டிகளின் பாரத்தில் படகு கொஞ்சம் அமிழ்ந்து போகும்போது, ஏதோ இழுத்துக்கொண்டு போனது. அதைத்தான் வீடியோ எடுத்து உனக்கு அனுப்பினார். நீ அதைப் பார்த்து எவ்வளவு சந்தோஷப்பட்டாய், அந்தச் சந்தோஷத்தைப் பார்த்த பிறகு நானும் வாயைத் திறக்கவில்லை.

ஆவணி பிறந்து கொஞ்ச நாளில் ஒரு மதியம். அத்தாவும் கூட்டாளி சுப்பிரமணி அண்ணனும் வெளியே போய் இறால் ஏற்றிக்கொண்டு திரும்பி வருகிறார்கள், நான் இந்தப் பக்கம் மணலில் ஐஸ் பெட்டியோடு நிற்கிறேன். தெற்கிலிருந்து காற்று ஏறிவிட்டது. முகத்துவாரத்தில் காயல் தண்ணீர் வெளியே தள்ளுகிறது, கடல் உள்ளே தள்ளுகிறது, அந்த இடத்தில் அலை எப்படிக் குத்திக் குத்தி எழும் என்று உனக்கே தெரியும். படகின் பின்பக்கம் தூக்கினபோது மோட்டார் விசிறி தண்ணீரைவிட்டு முழுசாக வெளியே வந்துவிட்டது. காலி ஜாரில் மிக்ஸியைப் போட்டால் எப்படிக் கத்தும், அந்தச் சத்தம் கரைவரைக்கும் கேட்டது. சத்தம் இருக்கிறது, படகு நகரவில்லை. தண்ணீரில் இருந்தால்தானே பிடித்துத் தள்ளும், அது காற்றைத்தான் அடித்துக்கொண்டிருந்தது. திருப்பினால் திரும்பவில்லை, படகு அலைக்குக் குறுக்கே கிடக்கிறது. அடுத்த அலையில் அத்தா இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரத்துக்குப் போய் விழுந்தார். நான் தண்ணீருக்குள் இடுப்பளவு இறங்கிவிட்டேன், இறங்கி என்ன செய்வேன், யா அல்லாஹ் யா அல்லாஹ் என்று கத்துகிறேன், என் குரல் எனக்கே கேட்கவில்லை. சுப்பிரமணி அண்ணன்தான் துடுப்பை எடுத்து எப்படியோ மூக்கை அலைக்கு நேராகத் திருப்பினார், பின்னால் வந்த குப்பத்துப் படகு ஒன்று கயிறு வீசி இழுத்து வந்தது. அத்தாவுக்குத் தோள்பட்டை எலும்பு விரிசல் விட்டுவிட்டது. செங்கல்பட்டு பெரிய ஆஸ்பத்திரியில் கட்டுப் போட்டு, கையைத் தூளியில் தொங்கவிட்டு அனுப்பினார்கள். நீ அன்றைக்கு வீடியோவில் பார்த்துவிட்டு, இந்த வெயிலில் எதற்கத்தா போர்த்திக்கொண்டு இருக்கிறீர்கள் என்று கேட்டாயே, அதற்குத்தான். இப்போது எலும்பு கூடிவிட்டது, டாக்டரே சொன்னார், விரலெல்லாம் நன்றாக மடக்குகிறார், நீ கவலைப்படாதே.

வீட்டுக்கு வந்து படுத்தவர், எழுந்து உட்கார முடிந்ததும் ஞானதாஸைக் கூப்பிட்டு, பலகையை அறுத்து இறக்கிவிடு, மோட்டார் சரியாக உட்கார்ந்துவிடும் என்றார். ஞானதாஸ் பக்கத்தில் நின்ற சுப்பிரமணி அண்ணனைப் பார்த்தார். அண்ணன் மெதுவாகத்தான் சொன்னார், அறுத்தா மோட்டாருக்கு சரியாப் பூடும் பாய், பின்னாடி வர்ற அலைக்கு அப்புறம் யாரு பதில் சொல்றது, நீ அறுக்கறதுன்னா அறு, நான் படகு ஏற மாட்டேன். இத்தனை வருஷத்தில் அவர் அத்தாவை எதிர்த்துப் பேசி நான் கேட்டதில்லை. அவர் போன பிறகு அத்தா சாப்பிடவில்லை. என் பிள்ளை வெயிலில் நின்று சம்பாதித்து அனுப்பினது, அதைக் கழற்றி ஓரமாக வை என்றால் எப்படி வைப்பேன் என்று என்னிடம் கேட்டார். எனக்கும் அழுகைதான் வந்தது. ஆனாலும் யோசித்துப் பார், நீ அனுப்பின சாமானுக்காக, அவர் உயிரைக் காக்க உயர்த்தின பலகையை அறுப்பதா.

மறுநாள் நான் தையல் டேப்பை எடுத்துக்கொண்டு படகிடம் போனேன். எனக்கு நானே பார்த்தால்தான் தெரியும். மோட்டார் மாட்டுகிற இடத்தில், நடுவில், பலகையின் மேல் விளிம்பிலிருந்து படகின் அடிவரைக்கும் நேர்க்கோடாக அளக்க வேண்டும் என்று ஞானதாஸ் காட்டினார், பலகை சாய்ந்திருக்கிறதே என்று அதன்மேல் டேப்பைப் படியவிட்டால் கணக்குத் தப்பும். இருபது அங்குலம் வந்தது. மோட்டாரில், பலகையில் உட்காருகிற கொக்கியின் உள்பக்கத்திலிருந்து விசிறிக்கு மேலே இருக்கிற தட்டுவரைக்கும் அளந்தால் பதினைந்துக்குக் கொஞ்சம் கூட. அந்தத் தட்டு படகின் அடியோடு சமமாக நிற்க வேண்டுமாம், ஒரு அங்குலம் கீழே இருந்தாலும் பரவாயில்லையாம், மேலே மட்டும் இருக்கக்கூடாது. இதில் நாலு அங்குலத்துக்கும் கூடுதலாக மேலே நின்றது. இன்னொன்றும் சொன்னார், மோட்டாரைக் குளிர வைக்கிற தண்ணீரை இழுக்கிற துளையும் அங்கேதான் இருக்கிறதாம், அது காற்றை இழுத்தால் மோட்டாரும் சீக்கிரம் கெட்டுப்போகும். அப்படியானால் இதை இந்தப் படகில் ஓட்டுவது உனக்குச் செய்கிற மரியாதையும் இல்லை என்று எனக்குப் பட்டது. அதை அப்படியே அத்தாவிடம் சொன்னேன். அன்றோடு அவர் அறுக்கிற பேச்சை விட்டுவிட்டார்.

வழி ஞானதாஸ் மூலமாகவே வந்தது. காயலில் பறவை பார்க்க வருகிறவர்களைப் படகில் ஏற்றிச் சுற்றிக் காட்டுகிற அப்பாசாமிக்கு நேர்மாறான தொல்லையாம். அவர் படகு தாழ்வானது, மோட்டாரோ நீளக்கால். அது கீழே தொங்கிச் சேற்றை உழுகிறது, சிப்பிப் பாறையில் இடித்து இடித்து விசிறி மூளியாகிவிட்டது. இரண்டு பேரும் மாற்றிக்கொண்டால் என்ன என்று ஞானதாஸ் கேட்டார். அத்தா உடனே சரி சொல்லவில்லை. தூளிக் கையோடு அப்பாசாமி படகில் ஏறி உட்கார்ந்து, உன் மோட்டாரை அதில் மாட்டச் சொல்லி, ஒரு காலைப்பொழுது முழுக்கக் காயலைச் சுற்றிவிட்டு வந்தார். இறங்கி வந்து என்னிடம், நம்ம புள்ள மோட்டாரு என்னா அழகா போவுது தெரியுமா, சத்தமே இல்ல, என்றார். அப்புறம் மாற்றிக்கொண்டோம். விசிறி மட்டும் புதுசு போட்டோம். நம் படகில் அந்தப் பழைய நீளக்கால் மோட்டார் முகத்துவார அலையிலும் தண்ணீரை விடாமல் பிடிக்கிறது, சுப்பிரமணி அண்ணன் ஓட்டினார், நானே கரையில் நின்று பார்த்தேன்.

ஆனால் உனக்குச் சொல்லக்கூடாது என்றார் அத்தா. கொடுத்தது வீணாய்ப் போனது என்று பிள்ளை நினைப்பான் என்றார். நானும் சரி என்றுதான் இருந்தேன். போன வாரம் எதிர்வீட்டு முபஷ்ஷிர் தோஹாவிலிருந்து லீவில் வந்தவன் நம் வீட்டில் டீ குடிக்கும்போது, பைக்கில் சாப்பாடு கொண்டுபோய்க் கொடுக்கிற வேலை இந்த வெயிலில் ரொம்பக் கஷ்டம் மாமி, சைஃபு எப்படித்தான் ஓட்டுகிறானோ என்று சொல்லிவிட்டான். சொன்ன பிறகுதான் எங்களுக்குத் தெரியாது என்று அவனுக்குப் புரிந்தது. நோன்புப் பெருநாளுக்கு முன்னாலேயே உன் கம்பெனி வேலை போய்விட்டதாமே. அந்த ஏசி ஆபீஸ் எப்படி இருக்கிறது என்று அத்தா வாராவாரம் கேட்கிறார், நீயும் நன்றாக இருக்கிறது என்கிறாய். அவன் மேல் கோபப்படாதே, பாவம், அவன் கண் கலங்கிவிட்டது.

நான் அத்தாவிடம் சொன்னேன். இவன் யாருகிட்ட கத்துக்கினான் இந்தப் பொய்யை, என்று ஆத்திரமாகக் கேட்டார். நான் அவர் முகத்தையே பார்த்தேன். அவர் தலையைக் குனிந்துகொண்டு அஸர் தொழுகைக்கு ஒளு செய்யக் குழாயடிக்குப் போனார். தொழுதுவிட்டு வந்து, அவனுக்கு எல்லாத்தையும் எழுது சம்சாத்து, போனு எடுத்தா நான் மறுபடி நல்லாகீறேன்னுதான் சொல்லுவேன், நீ எழுது, என்றார். இதோ எழுதிவிட்டேன், மறைக்க எங்களிடம் இனி எதுவும் இல்லை. முபஷ்ஷிர் வெள்ளிக்கிழமை கிளம்புகிறான், அவன் கையில் கொடுத்து அனுப்புகிறேன்.

வேலை போனதற்கு நான் வருத்தப்படவில்லை மகனே, அதை நீ தனியாக வைத்துக்கொண்டிருந்தாயே, அதுதான் தாங்கவில்லை. அங்கேயே வேறு வேலை தேடுவதானால் தேடு, இங்கே வருவதானால் வா, எது உனக்குச் சரியாக வரும் என்று நீ பார்த்து முடிவு செய். எங்களைச் சந்தோஷப்படுத்துவதற்காக எதையும் இழுத்துப் பிடித்துக்கொண்டிருக்காதே. உச்சி வெயிலில் வண்டி எடுக்காதே, தண்ணீர் பாட்டில் இல்லாமல் கிளம்பாதே, தொழுகையை விடாதே. அல்லாஹ் உன் உடம்புக்கு சுகத்தையும் பிழைப்பில் பரக்கத்தையும் தருவானாக, உன்னை எங்கள் கண்ணுக்கு நல்லபடியாகக் காட்டுவானாக. அத்தா உனக்கு சலாம் சொல்லச் சொன்னார், அஃப்ஸானாவும் சொன்னாள்.

இதற்குப் பதில் எழுது. நல்லா இருக்கேன்மா என்று மட்டும் எழுதாதே. எந்த ரூமில் இருக்கிறாய், கூட யார் இருக்கிறார்கள், இன்றைக்குக் காலையில் என்ன சாப்பிட்டாய், அதை எழுது.

துஆவுடன்,
உன் அம்மா
சம்சாத் பேகம்