பெட்டியோடு நடக்க எட்டுப் பேர்

பைன் பே, விஸ்கான்சின்
மார்ச் 24, சனிக்கிழமை

என் மகன் எம்மெட்டுக்கு அம்மா எழுதுவது.

இங்கே நான் சுகம். நீ சுகமா என்று கேட்க வேண்டியதில்லை, தினமும் மாலைச் செய்தியில் உன்னைக் காட்டிவிடுகிறார்கள். இளைத்திருக்கிறாய். உனக்குக் கழுத்துப்பட்டி கட்டிவிடுகிறவர் யாரோ, அவரை முதலில் மாற்று. ஏரியில் பனி இன்னும் விடவில்லை, கரையோரம் மட்டும் கறுத்திருக்கிறது. உன் பழைய படகுக்கு வண்ணம் அடிக்க ஆள் சொல்லியிருக்கிறேன். கோடையில் நீ வரமாட்டாய் என்று தெரியும், இருந்தாலும் சொல்லியிருக்கிறேன்.

இந்தக் கடிதம் தபாலில் வரவில்லை என்பதைக் கவனித்திருப்பாய். தபாலில் போட்டால் உன் கைக்கு வருவதற்குள் நாலு பேர் பிரித்து, முகர்ந்து, படித்துவிடுவார்கள். அந்த வெள்ளை மாளிகையில் நானும் நாலு வருடம் குடியிருந்தவள்தானே. அதனால் மேஜர் பிரைஸ் கொண்டுவந்த உறையிலேயே இதை வைத்து ஒட்டி அனுப்புகிறேன். நான் கையெழுத்துப் போட்டு ஒட்டிய பிறகு அதை உன்னைத் தவிர யாரும் பிரிக்கக் கூடாது என்பது விதி. அவரவர் சாவு அவரவர் சொந்த விஷயம் என்று அரசாங்கமே ஒத்துக்கொள்கிற ஒரே இடம் அந்த உறைதான்.

மேஜர் பிரைஸ் யார் என்று உனக்கு நினைவிருக்கிறதோ என்னவோ. புதிதாக வரும் ஒவ்வொரு அதிபரிடமும் போய், ஐயா உங்கள் இறுதி ஊர்வலம் எப்படி நடக்க வேண்டும் என்று கேட்டு எழுதி வாங்கும் ராணுவ அலுவலகத்துப் பெண். எந்தத் தேவாலயம், எந்தப் பாட்டு, ஆள் ஏறாத குதிரை வேண்டுமா, பெட்டியோடு நடக்கிற எட்டுப் பேர் யார் யார் என்று படிவம் படிவமாக வைத்திருப்பார்கள். பதவிக்கு வந்து இரண்டு மாதம்கூட ஆகவில்லை, அதற்குள் என்னைப் புதைக்கக் கிளம்பிவிட்டார்கள் என்று உன் அப்பா அப்போது சிரித்தார். நீயும் சிரித்திருப்பாய். க்வென் உன்னை விவாகரத்து செய்துவிட்டுப் போன பிறகு நெருங்கிய உறவு என்ற இடத்தில் என் பெயரைப் போட்டிருக்கிறாய். நான் படித்துப் பார்த்துக் கடைசிப் பக்கத்தில் கையெழுத்துப் போட வேண்டுமாம். அதற்காகத்தான் அவள் செவ்வாய்க்கிழமை வந்தாள்.

நல்ல பெண். நான் கொடுத்த காபியைக் குடித்துவிட்டு, தயங்கித் தயங்கித்தான் பேச்சை எடுத்தாள். "மேடம், மத்ததெல்லாம் சரியா இருக்கு. இந்த எட்டுப் பேர்தான் எங்களுக்குப் புரியல. வழக்கமா செனட்டருங்க, கூடப் படிச்சவங்க, கோல்ஃப் ஆடறவங்கன்னு எழுதுவாங்க. இவரு எட்டு சின்னப் பசங்க பேரை எழுதியிருக்காரு. தேடிப் பாத்தோம். எட்டுப் பேரும் இப்ப வேலையில இருக்கற சிப்பாய்ங்க, எல்லாரும் ஒரே பிரிவு. அதிபர் அவங்கள ஒரு தடவகூடப் பாத்ததில்லையாம். உங்க குடும்பத்துக்கு வேண்டியவங்களா?" என்று கேட்டாள்.

நான் தாளை வாங்கிப் பார்த்தேன். பெயர்கள் எனக்கும் தெரியாதவைதான். ஆனால் எழுத்தைப் பார்த்ததும் கோப்பையைக் கீழே வைத்துவிட்டேன். உன் எழுத்து எனக்குத் தெரியாதா எம்மெட்? கோழி கிளறியது போல இருக்கும், இடப்பக்கம் சாயும். மற்றப் பக்கங்களெல்லாம் அப்படித்தான் இருந்தன. அந்த எட்டுப் பெயர்கள் மட்டும் நேராக, நெருக்கமாக, ஒவ்வொன்றின் முடிவிலும் ஒரு புள்ளியோடு நின்றன. நாற்பத்தோரு வருடம் கூட வாழ்ந்த மனிதரின் கையெழுத்து அது. அவரைப் புதைத்து எட்டு வருடம் ஆகிறது.

ஆமாம், வேண்டியவர்கள்தான் என்று மேஜரிடம் பொய் சொன்னேன். கையெழுத்துப் போடத் திங்கட்கிழமை வரை நேரம் கேட்டேன்; படிவத்தையும் உறையையும் என்னிடமே விட்டுப் போனாள்.

அன்று சாயங்காலம் உன்னைப் போனில் கூப்பிட்டது இதற்காகத்தான். அந்தப் பையன்கள் யார் என்று கேட்டதும் நீ சிரித்தாய். "தெரியலம்மா. பேனா போன போக்குல எழுதிட்டேன். கிழிச்சுப் போடணும்" என்றாய். இன்னொரு தடவை சொல்லு என்று நான் கேட்டதும், "என்னம்மா, ரொட்டி கிட்டி அடுப்புல கருகுதா?" என்று கேலி செய்தாய். அறையில் யாரோ இருமுவது கேட்டது. உன்னோடு யாரோ இருக்கிறார்கள் என்று புரிந்து, குளிரைப் பற்றி ஏதோ சொல்லி வைத்துவிட்டேன். அன்று இரவு முழுக்க அடுப்படி விளக்கை அணைக்கவில்லை.

ஏன் என்று இப்போது சொல்கிறேன். இதை நான் யாரிடமும் சொன்னதில்லை.

உன் அப்பா அதிபரான வருடம் உனக்குப் பதினொரு வயது. அந்த மார்ச் மாதம் இதே படிவம் அவருக்கும் வந்தது. ஒரு மத்தியானம் மாடி அறையில் அவர் அதைப் பாதியில் விட்டுவிட்டுக் கீழே போயிருந்தார். நான் எடுத்துப் பார்த்தேன். பெட்டியோடு நடக்கிறவர்கள் என்ற இடத்தில் எட்டுப் பெயர்கள் இருந்தன, ஒன்றுகூட நமக்குப் பழக்கமில்லை. அவர் திரும்பி வந்ததும், "யாரு ஹாலிஸ் இந்தப் பசங்க, வோட்டு வாங்கிக் குடுத்தவங்களா?" என்று சீண்டினேன். அவர் சிரிக்கவில்லை. "தெரியல நோரா. பேனா போன போக்குல எழுதிட்டேன். கிழிச்சுப் போடணும்" என்றார்.

அதே சொற்கள், எம்மெட். நீ அப்போது தோட்டத்தில் நாயோடு ஓடிக்கொண்டிருந்தாய். ஜன்னல் வழியாக உன் சத்தம் கேட்டது எனக்கு நினைவிருக்கிறது. நீ அதைக் கேட்டிருக்க வழியில்லை.

அவர் கிழிக்கவில்லை. மே மாதம் நடந்தது உனக்குப் பள்ளிப் பாடத்திலேயே வந்திருக்கும். பிணைக்கைதிகளை மீட்கப் போன ஹெலிகாப்டர் கடலில் விழுந்தது. மறுநாள் காலை, இறந்தவர்களின் பட்டியல் காலை உணவு மேசைக்கு வந்தது. அப்பா அதைப் படித்துவிட்டு எழுந்து, மாடிக்குப் போய், அந்தப் படிவத்தை எடுத்துவந்து என் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தார். எட்டுப் பேர். அதே வரிசையில்கூட இருந்தார்கள். நான்தான் அந்தத் தாளைக் கணப்பில் போட்டேன். அது எரிந்து முடியும் வரை அவர் பார்த்துக்கொண்டே நின்றார். பிறகு வேறு படிவம் வாங்கி, செனட்டர்கள் பெயராக எட்டு எழுதி அனுப்பினார். இடது கண்ணை இரண்டு விரலால் அழுத்துகிற பழக்கம் அன்றைக்குத்தான் அவருக்கு வந்தது. போன வாரப் பேட்டியில் நீ அதைச் செய்தாய்.

இன்னொன்றும் உண்டு. உனக்கு மறந்திருக்கலாம். அப்பாவின் ஊர்வலத்தன்று காரில் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாய். வெயில் சுள்ளென்று அடித்தது. நீ குனிந்து என் காதில், "அம்மா, செனட்டர்ங்களுக்குப் பின்னாடி ரெண்டாவதா ஒரு வரிசை நடக்குதே, அந்தப் பசங்க யாரு? பூட்ஸெல்லாம் நனைஞ்சிருக்கு" என்று கேட்டாய். நான் நிமிர்ந்து பார்த்தேன். ஒரே வரிசைதான் நடந்தது. நீ ராத்திரி தூங்கவில்லை, கண் கூசுகிறது என்று சொல்லி உன் கையைப் பிடித்துக்கொண்டேன். வழி முழுக்க நான் அந்த இடத்தைத் திரும்பிப் பார்க்கவில்லை. பார்த்தால் எனக்கும் தெரிந்துவிடுமோ என்று பயம்.

இப்போது நேற்று நடந்ததைக் கேள். உன் எட்டுப் பெயரில் ஒன்று ட்ராவிஸ் நோவாக். நம் பக்கத்துப் பெயர் போலிருக்கிறதே என்று தோன்றியது. விசாரித்தால், இருபது மைல் தள்ளி மில்டன் கிராஸிங்கில் அவன் அம்மா டார்லீன் இருக்கிறாள். பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறாள். தவக்காலத்து வெள்ளிக்கிழமைகளில் தேவாலயத்து அடித்தளத்தில் மீன் வறுவல் விருந்தில் பரிமாறவும் செய்கிறாள். எனக்குக் காவலிருக்கும் அதிகாரியை வண்டி எடுக்கச் சொல்லிப் போய் வரிசையில் நின்றேன். ஒரு கிழவர் என் தட்டைப் பார்த்து, "ரெண்டு அதிபரை வளத்த கைக்கு ஒரு துண்டு மீன் போதுமா, இன்னொண்ணு போடுங்கப்பா" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். டார்லீன் மட்டும் சிரிக்கவில்லை. முட்டைக்கோஸை அள்ளி என் தட்டில் போட்டாள்.

கூட்டம் குறைந்ததும் நானே அவளிடம் போய்ப் பையனைப் பற்றி விசாரித்தேன். எதற்குக் கேட்கிறேன் என்று அவள் கேட்கவே இல்லை, யாராவது கேட்க மாட்டார்களா என்று காத்திருந்தவள்தான். ஈஸ்டருக்கு வருவதாக இருந்தானாம். "லீவ ரத்து பண்ணிட்டாங்களாம். போன்ல பேசினான். எங்கயோ கடல் பக்கம்னு மட்டும் சொன்னான், அதுக்கு மேல கேக்காதம்மான்னுட்டான். ஜூன்ல கல்யாணம் வெச்சிருக்கு. மண்டபத்துக்குச் சொல்லியாச்சு" என்றாள். நான் கிளம்பும்போது மேல்கோட்டை எடுத்துக் கொடுத்துவிட்டு, என் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். "உங்க பையன்கிட்ட சொல்லுங்க. நான் அவருக்கு வோட்டுப் போடல. ஆனா என் பையன் அவரு கையிலதான் இருக்கான்."

வீட்டுக்கு வந்து படிவத்தை மறுபடி எடுத்துப் பார்த்தேன்.

உன் மேசையில் என்ன தாள் இருக்கிறது என்று எனக்குத் தெரியாது. தெரியவும் கூடாது. ஆனால் நானும் செய்தி பார்க்கிறேன். அந்த நீரிணையில் பிடித்துவைத்திருக்கும் கப்பலைப் பற்றி ஓய்வுபெற்ற தளபதிகள் தினமும் வந்து உட்கார்ந்து, படையை அனுப்ப இன்னும் என்ன தாமதம் என்று கேட்கிறார்கள். உன்னைச் சுற்றி இருப்பவர்களும் அதையேதான் சொல்வார்கள். எல்லோரும் சரி என்று சொல்வது எவ்வளவு சுகமாக இருக்கும் என்று அந்த வீட்டில் இருந்தவளுக்குத் தெரியும்.

கப்பலில் இருக்கிறவர்களுக்கும் தாய் உண்டே என்பாய். உண்டு. அவர்களுக்கு வேறு வழி பார். பேரம் பேசு. காத்திரு. யார் காலிலாவது விழ வேண்டுமென்றால் விழு. காரணம் கேட்டால் என்னைக் காட்டு, கிழவிக்குப் புத்தி பிசகிவிட்டது, என்னைத் தொல்லை செய்கிறாள் என்று சொல். கோழை என்று எழுதுவார்கள், எழுதட்டும். அடுத்த முறை தோற்றுப் போ. இங்கே உனக்கு ஒரு அறையும் ஒரு படகும் இருக்கின்றன. அப்பாவும் மகனும் அதிபர்களாக இருந்தார்கள் என்று கல்லில் வெட்டிவைக்க ஏற்கனவே ஆட்கள் வந்துவிட்டார்கள். அந்தப் பெருமை எனக்குப் போதும், வயிறு நிறைந்துவிட்டது.

இனி நான் சொல்லாமல் விட்டதைச் சொல்ல வேண்டும். அந்த மே மாதம், மீட்கப் படையை அனுப்பும் உத்தரவில் கையெழுத்துப் போடுவதற்கு முன்னால், உன் அப்பா சாப்பிட மாடிக்கு வந்தார். போகிறவர்களின் பெயர்ப் பட்டியலைக் கேட்டு வாங்கிவந்திருந்தார். எந்த அதிபரும் அதைக் கேட்பதில்லை. மேசையில் வைத்து, எட்டு இடத்தில் விரலை வைத்துக் காட்டினார். ஆக, எனக்குத் தெரியும் எம்மெட். பட்டியல் வந்த காலையில் தெரிந்துகொண்டவள் இல்லை நான். அவர் என்னிடம், "நோரா, போடட்டுமா, வேண்டாமா? நீ சொன்னாக் கேக்கறேன்" என்றார். கல்யாணமான நாளிலிருந்து அப்படி ஒரு கேள்வியை அவர் என்னிடம் கேட்டதில்லை. வேண்டாம் என்று சொன்னால் நான் அதை நம்புகிறேன் என்று ஆகிவிடும். பைத்தியக்காரக் குடும்பம் என்று ஊர் சிரிக்கும். "சூப் ஆறுது ஹாலிஸ். எல்லாரும் சரின்னுதான சொல்றாங்க, போட்டுட்டு வாங்க" என்றேன். அவர் போனார். கடைசி வரை அதைச் சொல்லி என்னை ஒரு வார்த்தை குற்றம் சொன்னதில்லை. சொல்லியிருந்தால் எனக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும்.

நீ என்னைக் கேட்கவில்லை. அதிபர்கள் அம்மாவைக் கேட்டு முடிவு செய்வதில்லை. ஆனாலும் முப்பத்திரண்டு வருடம் கழித்து அந்தக் கேள்விக்கு இப்போது பதில் சொல்கிறேன். வேண்டாம். போடாதே, கண்ணா.

படிவத்தை மாற்ற வேண்டாம், அந்த எட்டுப் பெயர்களும் அப்படியே இருக்கட்டும். கடைசிப் பக்கத்தில் நான் கையெழுத்துப் போட்டுவிட்டேன். நீ தொண்ணூறு வயது வரை இரு. அதற்குள் அந்தப் பையன்கள் எட்டுப் பேரும் பல் விழுந்து, பேரன் பேத்தி எடுத்து, முட்டி வலிக்கிறதென்று முனகிக்கொண்டு, தடி ஊன்றி உன் பெட்டியோடு நடக்கட்டும்.

உன்னைப் பெற்றவள்,
அம்மா