வாசலில் நின்று கேட்ட இருட்டு

மாப்ளே,

உன் டார்ச்சின் முகத்தில் ரப்பர் பேண்டு போட்டு மாட்டியிருந்தாயே, சிவப்புக் கண்ணாடித்தாள், அது இன்று காலை என் கையில் பொடிந்து வந்தது. உன் மகளுக்குச் சீர் வந்தபோது பழத்தட்டைச் சுற்றியிருந்த தாள். எல்லோரும் பழத்தைப் பார்த்துக்கொண்டிருக்க நீ மட்டும் தாளைப் பத்திரமாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டாய். வெள்ளை வெளிச்சம் பட்டால் கண் மறுபடி இருட்டுக்குப் பழக நேரமாகும், சிவப்பென்றால் பரவாயில்லை என்று யாரோ விருந்தாளி சொல்லிவிட்டுப் போயிருந்தார். அன்றிலிருந்து நம் ஊரில் சிவப்புத் தாள் எங்கே கிடந்தாலும் உன் வீட்டுக்கு வந்துவிடும்.

வேறு தாள் தேட வேண்டும். எழுந்து தேட உடம்பு வரவில்லை. நேற்று ராத்திரி நடந்ததில் வலது முழங்கால் வீங்கியிருக்கிறது. வெந்நீர்த் துணியைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். ஆமாம், நேற்று நடந்தேன். இந்தக் குளிர்காலம் நடையே வேண்டாம் என்றுதான் இருந்தேன். அது எப்படி மாறியது என்று உனக்குச் சொல்ல வேண்டும். சொல்ல வேறு ஆளும் இல்லை.

நம் நடை தொடங்கிய கதையை நினைத்தால் இப்போதும் சிரிப்பு வருகிறது. நீ செம்மேட்டு பஸ் ஸ்டாண்டிலிருந்து லாட்ஜ் விருந்தாளிகளை வேனில் ஏற்றிக்கொண்டு வருவாய். குளிருக்கு வந்தவர்கள் ராத்திரியில் என்ன செய்வது என்று கேட்க, நீ பாட்டுக்கு "வானத்தைப் பாக்கலாம் வாங்க" என்று சொல்லிவிட்டாய். ஊருக்கு மேலே நம் பாறைக்கு அவர்களை நடத்திக்கொண்டு போனாய். வழியில் யாராவது தவறிவிடுவார்கள் என்று என்னைப் பின்னால் கம்போடு வரச்சொன்னாய். நீ முன்னால், நான் பின்னால். கடைசிவரை அதுதான் நம் வேலைப் பிரிவினை. உனக்கு வாய், எனக்குக் கம்பு.

வானத்து நட்சத்திரங்களில் கார்த்திகைக் கூட்டம் உனக்குத் தெரியும். மூன்று வெள்ளி ஒரே வரிசையில் நிற்கிற ஏர் தெரியும். அதற்கு மேல் நீயும் நானும் ஒன்றுதான். ஆனால் நீ அத்தோடு நிறுத்தினாயா? திண்ணனூர் நாட்டுப் பக்கம் மலைமுகட்டுக்கு ஒட்டினாற்போல் கொஞ்சம் மஞ்சளாக ஒன்று நிற்குமே, அதைக் காட்டி, "இது எங்க மலைக்குன்னே இருக்கற வெள்ளிங்க, எந்த மாசமும் எடம் மாறாது" என்று ஒரு குளிர்காலம் முழுக்கச் சொன்னாய். கேட்டவர்களும் போட்டோ எடுத்துக்கொண்டு போனார்கள். ஒருநாள் பாறையில் நின்று நீ அதைப் பற்றி நீட்டி முழக்கிக்கொண்டிருந்தபோது கரண்ட் போனது. மலை மொத்தமும் இருண்டது. உன் வெள்ளியும் அணைந்தது.

"ஏனுங்க, கரண்ட் போனா நட்சத்திரமும் போயிருமுங்களா?" என்று கேட்டார் ஈரோட்டிலிருந்து வந்திருந்த ஓர் அம்மா.

நான் பின்னால் நின்று கம்பைக் கடித்துக்கொண்டு சிரித்தேன். ஆனால் யாரும் அதற்கப்புறம் உன்னைக் கிண்டல் பண்ணவில்லை. எல்லோரும் தலையை மேலே தூக்கிவிட்டார்கள். ஊரின் வாசல் பல்புகள் எல்லாம் போனதும், அதுவரை நாம் பார்த்ததெல்லாம் வானமே இல்லை என்பதுபோல் அத்தனை வெள்ளி. நம் தலைக்கு மேலேயே இருந்ததை நாமே அன்றைக்குத்தான் பார்த்தோம். கரண்ட் திரும்பி வந்ததும் எல்லோரும் ஒரே குரலில் "அய்யோ" என்றார்கள். கரண்ட் வந்ததற்கு வருத்தப்பட்ட ஆட்களை அன்றைக்குத்தான் நான் கண்டேன்.

மறுநாள் சாயங்காலம் நீ வீடு வீடாகப் போனாய். ஒவ்வொரு வாசலிலும் நின்று, "ஏனுங்க, இன்னைக்கு ஆளுங்க வாராங்க, எட்டு மணிக்கு மேல வாசல் பல்பை மட்டும் அணைச்சு வைக்கறீங்களா, நாங்க எறங்கினதும் போட்டுக்கலாம்" என்று கேட்டாய். எதற்கு இந்த வேலை, மொத்தமாக ஒரு தடவை சொல்லி வைத்துவிட்டால் போதாதா என்றேன். "இருட்டு ஓசில வராது மச்சான், ஒவ்வொரு தடவையும் கேட்டு வாங்கோணும்" என்றாய். அப்படித்தான் ஆயிற்று. நடை இருக்கிற நாளெல்லாம் சாயங்காலம் நீ வாசல் வாசலாக நிற்பாய். மாட்டைக் கட்டிக்கொண்டிருப்பவர்கள், மிளகு காயப்போட்டதை அள்ளிக்கொண்டிருப்பவர்கள், எல்லோரும் நிமிர்ந்து பார்த்து, "சேரி சாமி, அணைச்சுப்போடறோம்" என்பார்கள். இல்லை என்று ஒருவரும் சொன்னதில்லை. நீ கேட்க வரவில்லையென்றால் அணைத்ததும் இல்லை.

மக்கர் பண்ணுகிற வீடு ஒன்றே ஒன்றுதான். உன் வீடு. பாறைக்கு நேர் கீழே இருப்பதால் அந்த பல்புதான் அதிகமாகக் கண்ணில் அடிக்கும். ஊரெல்லாம் கேட்டுவிட்டு உன் வீட்டுக்கு வரும்போது நீ ரோட்டிலிருந்தே "ஏ, பல்பை அணை" என்று சத்தம் போடுவாய். என் தங்கை கேட்டதாகவே காட்டிக்கொள்ள மாட்டாள். எட்டு மணியாகும், எல்லா வீடும் இருண்டிருக்கும், உன் வீட்டு பல்பு மட்டும் ஜெகஜோதியாக எரியும். விருந்தாளிகளை வழியில் நிறுத்திவிட்டு நீ இறங்கி ஓடுவாய். "ஊர்ல எல்லா வாசல்லயும் நின்னு கேட்டீங்களாமா. நம்ம வாசலுக்கு மட்டும் ரோட்டுச் சத்தமா? வந்து நின்னு கேளுங்க" என்பாள். நீ நின்று கேட்பாய். அதற்கப்புறம்தான் அணைப்பாள். ஒவ்வொரு தடவையும் இதே கூத்து. புருஷன் பெண்டாட்டிக்குள் அது ஒரு விளையாட்டென்று நினைத்து நான் கண்டுகொள்ளவில்லை.

அப்புறம் உனக்குச் சிறுநீரகம் கெட்டது. அந்த இரண்டு வருடத்தைப் பற்றி எழுத எனக்குத் தெம்பில்லை. சேலம் ஆஸ்பத்திரிக்கு விடியற்காலை பஸ், கொண்டை ஊசி வளைவுகளில் உன் தலை என் தோளில் இடித்து இடித்து வரும், சாயங்காலம் மறுபடி ஏறி வருவோம். அப்போதும் நிலா இல்லாத நாளாக இருந்தால் செம்மேட்டில் இறங்கியதும் மேலே பார்ப்பாய். "இன்னைக்கு நல்ல வானம், வீணாப் போவுது" என்பாய். எனக்கு எரிச்சலாக வரும். ஊசி குத்திக் கறுத்துப்போன கையை வைத்துக்கொண்டு இவனுக்கு வானம் கேட்கிறது என்று நினைப்பேன்.

ஐப்பசி மழையில் உன்னைக் கொண்டுவந்து வாசலில் கிடத்தினோம். அன்றைக்குப் போட்ட வாசல் பல்பைத் தங்கை அதற்கப்புறம் அணைக்கவே இல்லை. காரியம் முடிகிற வரை எரியட்டும் என்று விட்டோம். காரியமும் முடிந்தது. பகலில் வெயிலிலும் எரிந்தது. கார்த்திகையில் ஒருநாள் ஃபியூஸ் ஆனது. அவளே செம்மேட்டுக்குப் போய், முன்னதைவிடப் பெரிய பல்பாக வாங்கிவந்து மாட்டினாள். உன் மகள் கல்லூரி விடுதியிலிருந்து வந்தபோது அணைக்கப் போய்த் திட்டு வாங்கினாள். அதற்குமேல் யாருக்கும் வாய் வரவில்லை. அண்ணன் நானே சொல்லவில்லை. அந்த வெளிச்சம் பாறையில் அடித்து, ஏர் வெள்ளிகூட மங்கலாகத் தெரிந்தது. நடை இனி இல்லை என்பதற்கு எனக்கு அதுவே போதுமான காரணமாக இருந்தது. உண்மையைச் சொன்னால் நிம்மதியாகக்கூட இருந்தது. எனக்குப் பேச வராது, கால் வலிக்கிறது, நீ இல்லாமல் முன்னால் நடக்க எனக்கு மனசில்லை.

பொங்கல் லீவுக்கு வந்த ஒரு கூட்டத்துக்காக லாட்ஜ்காரர் விடாமல் போன் செய்தார். உன் பெயரைச் சொல்லி விசாரித்து வந்தவர்களாம். நீ இல்லை என்றதும் அழுதார்களாம். ஒரே ஒரு தடவை, அதோடு முடித்துக்கொள்கிறேன் என்று ஒப்புக்கொண்டேன்.

நேற்று சாயங்காலம் முதல் வாசலில் போய் நின்றபோது யாராவது முடியாது என்று சொன்னால் தேவலை என்றுதான் இருந்தது. ஒருவரும் சொல்லவில்லை. "இந்த வருசம் கேக்கவே வர மாட்டீங்களோன்னு நெனச்சோமுங்க" என்றார் கன்றுக்குட்டியைப் பிடித்துக்கொண்டிருந்தவர். அது எனக்கு இன்னும் அசதியாக இருந்தது. கடைசியில் உன் வீடு. ரோட்டில் நின்றே பார்த்தேன். தங்கை பல்புக்குக் கீழே உட்கார்ந்து அவரைக்காய் உரித்துக்கொண்டிருந்தாள். சத்தம் போட்டுச் சொல்லிவிட்டுப் போய்விடலாமா என்றுகூட நினைத்தேன். பிறகு இறங்கி வாசலுக்குப் போனேன்.

"வாங்கண்ணா. என்ன இந்நேரத்துல?"

"ஒண்ணுமில்ல அம்மிணி. சும்மா வந்தேன்."

அவள் உரிப்பதை நிறுத்தவில்லை. "எல்லார் ஊட்டு வாசல்லயும் நின்னு கேட்டுப்போட்டு இங்க மட்டும் சும்மா வந்தீங்களாக்கும்?"

பல்பு நேராக முகத்தில் அடித்தது. நான் கேட்காமலேயே அவள்தான் சொன்னாள். குரல் சாதாரணமாகத்தான் இருந்தது.

"எத்தன வருசமாண்ணா, நான் அணைக்கலீன்னா அவங்க வந்து நின்னு கேப்பாங்க. இப்பவும் எரிய விட்டா வந்து நிப்பாங்கன்னு ஒரு இது. வர மாட்டாங்கன்னு தெரியும். தெரிஞ்சும் அணைக்க கை போக மாட்டேங்குது."

மாப்ளே, அந்த பல்பு எரிந்த அத்தனை நாளும் அவள் உன்னைக் கூப்பிட்டுக்கொண்டிருந்திருக்கிறாள். நான் அதைக் கரண்டு வீண் என்று நினைத்துக்கொண்டு அந்த வழியாகப் போய் வந்துகொண்டிருந்தேன். எனக்கு அழுகை வந்துவிட்டது. அவள் அழவில்லை. அவரைத் தோலைக் கூட்டி ஒதுக்கினாள்.

உன்னைப்போல எனக்கு இழுத்துப் பேச வராது. "ஆளுங்க வாராங்க அம்மிணி. எட்டு மணிக்கு மேல அணைச்சு வைக்கறயா? நாங்க எறங்கினதும் போட்டுக்கலாம்" என்று நீ கேட்கிற அதே வார்த்தையில் கேட்டேன். அவள் தோலை அள்ளிக்கொண்டு உள்ளே போனாள். நானும் அதற்குமேல் நிற்கவில்லை.

எட்டு மணிக்குக் கூட்டத்தோடு ஏறினேன். நான் முன்னால். பின்னால் யாருமில்லை என்பதால் நாலடிக்கு ஒரு தடவை திரும்பிப் பார்த்துக்கொண்டே போனேன். வீடுகள் ஒவ்வொன்றாக இருண்டன. உன் வீடு மட்டும் எரிந்தது. பாறைக்கு வந்துவிட்டோம். வந்திருந்தவர்கள் கண்ணுக்கு மேல் கையை வைத்து மறைத்துக்கொண்டு பார்த்தார்கள். அந்த வெளிச்சத்தை அணைக்க முடியாதா என்று ஒருவர் கேட்டார். கேட்டாகிவிட்டதுங்க, அதற்குமேல் அந்த வீட்டுக்காரங்க இஷ்டம் என்றேன். எனக்கு அவள்மேல் கோபமில்லை. இத்தோடு முடிந்தது என்று உட்கார இடம் தேடினேன்.

அப்போது அணைந்தது.

அது எப்படி இருந்தது என்று உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. கையை இறக்கிவிட்டு எல்லோரும் மேலே பார்த்தார்கள். நான் கார்த்திகையைக் காட்டவில்லை, ஏரைக் காட்டவில்லை, சும்மா நின்றேன். ரொம்ப நேரம் கழித்து ஒரு பெண் திண்ணனூர் நாட்டுப் பக்கம் கைநீட்டி, அது எந்த நட்சத்திரம் என்று கேட்டாள். அங்கே அந்த மஞ்சள் பல்பு எரிகிற வீட்டுக்காரரிடம் மட்டும் நீ கடைசிவரை போய்க் கேட்கவே இல்லை. தூரம் என்றாய். எனக்குத் தெரியாதா, உன் வெள்ளியை அணைக்க உனக்கு மனசு வரவில்லை. "அது எங்க மாப்பிள்ளை வச்சதுங்க" என்று சொல்லிவிட்டேன்.

இறங்கி வரும்போது உன் வீட்டு வாசலில் தங்கை இருட்டில் உட்கார்ந்து மேலே பார்த்துக்கொண்டிருந்தாள். நாங்கள் தாண்டியதும் எழுந்துபோய் பல்பைப் போட்டாள், முன்பு போடுகிற மாதிரியே. கூட்டத்தை அனுப்பிவிட்டு வந்தேன். "மறுபடி எப்பண்ணா?" என்றாள். நாளைக்கு ஒரு கூட்டம் கேட்கிறார்கள், முடியாதென்று சொல்லலாமென்று இருக்கிறேன் என்றேன். "வாரதுன்னா சாயங்காலம் வந்து கேளுங்க" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள்.

காலையில் எழுந்ததும் முதலில் அங்கேதான் பார்த்தேன். நல்ல வெயில். பல்பு அணைந்திருந்தது.

வெள்ளிகளின் பெயர் எதையும் நீ எனக்குக் கொடுத்துவிட்டுப் போகவில்லை. எனக்கு மிச்சம் இருப்பது வாசல் வாசலாகப் போய் நிற்கிற இந்த வேலைதான். கால் வலிக்கிறது, மாப்ளே. அசதி போகவில்லை, போகும் என்றும் தோன்றவில்லை. எப்படியும் சிவப்புத் தாள் ஒன்று தேட வேண்டும். சாயங்காலம் எல்லா வீட்டுக்கும் போய்விட்டுக் கடைசியாக உன் வீட்டுக்குப் போவேன். ரோட்டிலிருந்து சத்தம் போட மாட்டேன்.