சுண்டுவோட இடது காது

மார்ச் 3, செவ்வாய்

சுண்டு குழுவோட பாட்டு எங்க போனாலும் கேக்குது. பஸ்ஸுல, கடையில, பக்கத்து வீட்டு போன் மணியில கூட. ஆனா போஸ்டர்ல நம்ம சுண்டு எங்க? பாடறவன் முடிக்குப் பின்னால ஒரு நெத்தியும் ரெண்டு குச்சியும் தெரியுது. ஆறு வருஷமா அந்தக் குழுவுக்கு டிரம்ஸ் வாசிக்கிறவன். அக்கா கண்ணை மூடின நாள்லேர்ந்து நான் வளர்த்த பிள்ளை. வயிறு எரியாதா?

கேட்டா, டிரம்மர்னா பின்னாடிதான் சித்தி உக்காரணும்ங்கறான். சிரிப்பு வேற.

மார்ச் 5, வியாழன்

சாப்பிட வாடான்னு இடது பக்கம் நின்னு மூணு தடவை கூப்பிட்டேன். திரும்பல. திமிருன்னு நெனச்சு முதுகுல ஒண்ணு வச்சேன். அப்புறம்தான் சொல்றான், அந்தக் காது ஒரு வருஷமா சரியா கேக்கலையாம். டாக்டர்கிட்ட போகல. குழுவுக்குத் தெரிஞ்சா வேற ஆளைப் போட்டுருவாங்கன்னு பயம்.

“யார்கிட்டயும் மூச்சு விடாதே சித்தி.”

நான் எதுக்குடா சொல்லப் போறேன்.

மார்ச் 6, வெள்ளி

பிரார்த்தனைக் கூட்டத்துல அவன் காதுக்காக வாய்விட்டு வேண்டிக்கிட்டேன். எல்லாரும் கண்ணை மூடிக் கூடவே வேண்டினாங்க. பாடறவனோட அம்மா என் கையைப் பிடிச்சுக்கிட்டு அழுதுட்டா. பாரம் எறங்கின மாதிரி இருக்கு.

மார்ச் 11, புதன்

தூக்கிட்டாங்க. ‘கொஞ்ச நாள் ஓய்வு எடு’ன்னு போன்ல ரெண்டு வரி. அவ்வளவுதான். புதுசா ஒருத்தன் உக்காந்தாச்சு. காது விஷயம் எப்படித் தெரிஞ்சுது? எவனோ பொறாமை பிடிச்சவன் வத்தி வச்சிருக்கான். அவன் நாக்கு — வேணாம், சாமி படத்துக்குக் கீழ உக்காந்து எழுதறேன்.

மார்ச் 12, வியாழன்

விடுவேனா? நேரா ஒத்திகை நடக்கற இடத்துக்கே போயிட்டேன். மூணு மாடி. முழங்கால் கழண்டுருச்சு. செவுரெல்லாம் மெத்தை ஒட்டின ரூம். எல்லாரும் எழுந்து நின்னாங்க, அந்த மரியாதைக்கு மட்டும் குறைச்சலில்ல. நன்றி கெட்டவங்களான்னு ஆரம்பிச்சு மூச்சு முட்டற வரைக்கும் திட்டினேன். எவன்டா உங்ககிட்ட சொன்னான்னு கேட்டேன்.

பாடறவன் தரையைப் பார்த்துக்கிட்டே சொன்னான்: “நீங்கதான் ஆன்ட்டி. கூட்டத்துல வேண்டிக்கிட்டீங்களாம், அம்மா வந்து சொன்னாங்க. தினமும் அவனுக்காக வேண்டிக்கறாங்க.”

படி எறங்கினது ஞாபகமே இல்ல.

ஏன், அந்தம்மாவுக்கு வாயை மூடிக்கத் தெரியாதா? சாமிகிட்ட சொன்னதைக் கொண்டு போய் வீட்டுல கொட்டுவாளா? — நான் மட்டும் என்ன செஞ்சேன்.

மார்ச் 13

அவன்கிட்ட சொல்லல.

மார்ச் 14, சனி

சொல்லிட்டேன். அவனுக்கு வலது பக்கமா உக்காந்து. கத்தியிருந்தா நல்லா இருந்திருக்கும். ரொம்ப நேரம் தொடையில விரலால தட்டிக்கிட்டே இருந்தான்.

“வேண்டிக்கிட்டது சரி சித்தி. பேரை எதுக்குச் சொன்னே? யாருன்னு சாமிக்குத் தெரியாதா?”



ஏப்ரல் 2, வியாழன்

டாக்டர்கிட்ட போனோம். போனது போனதுதானாம். காதுல சத்தம் குறைக்கற அடைப்பு வச்சு வாசிச்சா மிச்சத்தைக் காப்பாத்தலாமாம். இதை ஒரு வருஷம் முன்னாடியே கேட்டிருக்கலாமே, படுபாவி.

ஏப்ரல் 20, திங்கள்

வேற குழுவுலேர்ந்து ஒரு பொண்ணு கூப்பிட்டா. அவங்களுக்கு டிரம்மர் வேணுமாம். சுண்டு குளிச்சுட்டிருந்தான், நான் எடுத்தேன். அவர் காதுல ஏதோ பிரச்சினைன்னு கேள்விப்பட்டோம், நெஜமா ஆன்ட்டின்னு கேட்டா. டாக்டர் சொன்னதுலேர்ந்து எல்லாம் நாக்கு நுனியில வந்து நின்னுச்சு.

“இரும்மா, அவன் வரட்டும். அவனையே கேளு”ன்னேன்.

ஈரத் தலையோட வந்து வாங்கினான். இடது காது பாதிதான் கேக்கும், வந்து வாசிக்கறேன், கேட்டுட்டுச் சொல்லுங்கன்னான்.

ஞாயித்துக்கிழமை வரச் சொல்லியிருக்காங்க. அக்கம்பக்கத்துல யாருக்கும் தெரியாது.